ரெண்டு பட்டியல்லயும் இல்லாத தெரு

ராத்திரி பதினொன்னே முக்கால். சபை ஆபீஸ்லேருந்து தண்ணித்தொட்டி வரைக்கும் மூணு மைல் ரோடு... ரெண்டு பக்கமும் வெறும் வயல். ஈ காக்கா கிடையாது. அதுல ஒருத்தர் ஒத்தைக் கையால ஸ்கூட்டர் ஓட்டிக்கிட்டு, இன்னொரு கையால போனைக் காதோட அழுத்திக்கிட்டுப் பறந்து வர்றாரு.

யாருன்னா, என் சிநேகிதியோட அண்ணன். சபையில குமாஸ்தா. எதுக்கெடுத்தாலும் சட்டம் பேசுவாரு, அதனால ஆபீஸ்ல அவருக்கு ரூல்தடின்னு பேரு. சிரிக்காதீங்கடி... இது சிரிக்கிற கதை இல்ல.

அந்தச் சபை அறுபத்திரண்டு வருஷமா இருந்துச்சு. ஒரு காலத்துல காலரா வந்து வீட்டுக்கு வீடு பிணம் விழுந்தப்ப, சாக்கடை வெட்டறதுக்குன்னு ஆரம்பிச்சாங்களாம். அப்புறம் ரோடு, தெருவிளக்கு, பிறப்பு, இறப்பு... சுத்துப்பட்டு பன்னண்டு கிராமத்துக்கும் அதான் எல்லாம். ஒரு தெரு இருக்கா இல்லையான்னு சொல்றதே சபைப் பதிவேடுதான். அதைத்தான் கலைச்சுட்டாங்க. இருந்த தெருவுல பாதி கிழக்கு நகராட்சிக்கு, மீதி மேற்கு நகராட்சிக்கு. அன்னைக்கு ராத்திரி பன்னண்டு அடிச்சா சபை கிடையாது.

எந்தத் தெரு யாருக்குன்னு பட்டியல் எழுதினது நம்ம ரூல்தடிதான். அங்கதான் வினை. அந்த ஆபீஸ்ல ஒரு பழக்கம்... எவனும் தன் சொந்தத் தெருவைத் தானே எழுதக்கூடாது. எப்பவோ ஒரு குமாஸ்தா சபைச் செலவுல தன் வீட்டு வாசலுக்கு மட்டும் நாலு விளக்கு போட்டுக்கிட்டானாம், அதுலேருந்து வந்த சட்டம். பக்கத்து சீட்டுக்காரர்தான் எழுதித் தரணும். இவரும் தன் தெருவுக்கு ஒரு வரியை வெறுமனே விட்டுட்டு, பட்டியலைப் பக்கத்து மேஜையில வெச்சிட்டாரு. அந்த ஆளு குடலிறக்க ஆபரேஷனுக்கு லீவுல போயிட்டாரு. டைப் அடிக்கிற பொண்ணு வெத்து வரியைத் தாண்டி அடிச்சுட்டா. கெஜட்டும் வந்துருச்சு.

கடைசி ராத்திரி ஃபைலெல்லாம் மூட்டை கட்டிக்கிட்டிருந்தப்பதான் கெஜட்டைப் புரட்டினாரு. கிழக்குல அவர் தெரு இல்ல. மேற்குலயும் இல்ல.

செயலாளருக்கு போன் போட்டாரு. "ஐயா, எங்க தெரு விட்டுப் போச்சுங்க!"

"யோவ் ரூல்தடி, மணி என்னய்யா? நாளைக்குத் திருத்தம் போட்டுக்கலாம். தெரு எங்க ஓடிடப் போகுது?"

வெச்ச உடனே பொண்டாட்டிகிட்டேருந்து போன்.

"என்னங்க... தெருவிளக்கெல்லாம் ஒண்ணொண்ணா அணையுது. தெருமுனையில யாரோ செவுரு கட்டறாங்கங்க. ஆளைக் காணோம். கரண்டியால சாந்து பூசற சத்தம் மட்டும் கேக்குது... சரக்... சரக்குன்னு."

"பாப்பாவைத் தூக்கிக்கிட்டு ரோட்டுக்கு வந்துரு!"

"இப்பதாங்க தூங்கினா. எழுப்பினா விடிய விடிய அழுவாளே."

"அழட்டும்டி! தூக்குடி!"

அப்படிக் கிளப்பினதுதான் அந்த ஸ்கூட்டரு. போன்ல அவ செருப்புச் சத்தம் வருது... குழந்தை சிணுங்கறது வருது... அவ மூச்சு இரைக்கறது வருது. ரோடு மட்டும் முடியவே மாட்டேங்குது.

மரக்கடை, அப்புறம் இவர் தெரு, அப்புறம் தண்ணித்தொட்டி. இருபது வருஷமா கண்ணை மூடிக்கிட்டுத் திரும்பற இடம். போய் வண்டியை நிறுத்தினா...

மரக்கடைச் செவுரு. ஒட்டினாப்புல தண்ணித்தொட்டிச் செவுரு. நடுவுல கத்தி முனை கூட நுழையாது. ரெண்டும் பாசி பிடிச்ச பழைய செவுரு. ஆனா வாசனை... நனைஞ்ச புதுச் சுண்ணாம்பு வாசனை குப்புன்னு மூஞ்சியில அடிக்குது.

வண்டியையும் போனையும் கீழ போட்டுட்டு ரெண்டு கையாலயும் செவுத்தை அடிச்சாரு. கீழ கிடந்த போன்லேருந்து அவ பேசறா.

"நீங்க தட்டறது கேக்குதுங்க... நாலு பக்கமும் கேக்குது. நீங்க எந்தப் பக்கம் நிக்கறீங்க?"

"ரோட்டுப் பக்கம்! ரோட்டுப் பக்கம்டி!"

"ரோடு எந்தப் பக்கங்க?"

மணி பன்னண்டு. போன் அடங்கிருச்சு. திரும்பப் போட்டாரு. நீங்கள் அழைத்த எண் உபயோகத்தில் இல்லை...

விடிஞ்சதும் கிழக்கு நகராட்சியில போய் நின்னாரு. மேற்குல கேளுங்கன்னாங்க. மேற்குல, கிழக்குல கேளுங்கன்னாங்க. கடைசியில செயலாளர் வீட்டு வாசல்ல போய் விழுந்தாரு.

"சபையே இல்லாதப்ப திருத்தம் எவன்யா போடறது? அது இருக்கட்டும், எந்தத் தெருவைச் சொல்ற? நீ ஆபீஸ் மாடி ரூம்லதானே குடியிருக்க? கல்யாணம் கூட இன்னும் பண்ணிக்கலையேய்யா!"

தங்கச்சிகிட்ட ஓடி வந்தாரு. என் சிநேகிதிதான். அவளும் முழிச்சா. "ஏண்ணா, உனக்கு ஏது பொண்டாட்டி, ஏது குழந்தை?" அப்படியே உக்காந்துட்டாராம்.

இன்னைக்கும் ராத்திரி ஆனா அந்தச் செவுத்துகிட்டதான். தட்டித் தட்டி, "ரோட்டுப் பக்கம்... ரோட்டுப் பக்கம்"னு சொல்லிக்கிட்டு நிப்பாரு. ஏழு வருஷமாச்சு.

சரி, பைத்தியம்னு விட்டுடலாம்... ஆனா என் சிநேகிதி துணி தைக்கிறவ. வருஷத்துக்கு ஒரு தடவை அவளுக்கே தெரியாம கை ஒரு சின்னப் பொண்ணு கவுனை வெட்டித் தைச்சிடுது. யாருக்குன்னு கேட்டா தெரியாது. ஒவ்வொரு தடவையும் அளவு ரெண்டு இஞ்ச் கூடும். மெஷின் பக்கத்து ஆணியில மாட்டிட்டுப் படுப்பா. காலையில ஆணி காலி. கதவு தாழ் போட்டது போட்டபடி.

இந்த வருஷம் அவளுக்குக் கண் ஆபரேஷன். தைக்க முடியல.

போன வாரம் காலையில எழுந்து பார்த்திருக்கா. ஆணியில போன வருஷத்துக் கவுன் தொங்குது. கீழ் மடிப்பு முழுசும் பிரிச்சு விட்டிருந்துச்சாம். இனிமே விடறதுக்கு ஒரு விரக்கடைத் துணி கூடப் பாக்கி இல்ல.

எடுத்து மடியில போட்டிருக்கா...

அந்தக் கவுன் இன்னும் உடம்புச் சூட்டோட இருந்துச்சாம்.