வசனத்தில் இல்லாத ‘அண்ணே’

மைக் கையில் கிடைத்தால் யாரும் சீக்கிரம் உட்காருவதில்லை, இன்ஸ்பெக்டர் சார். அதை நான் குறையாகச் சொல்லவில்லை. நேற்று விருத்தாசலத்தில் என் படத்தைப் பற்றிப் பேசிய விமர்சகர்களும் அப்படித்தான். இயக்குநர் என்பதால் எனக்கு முதல் வரிசை.

அது ஒரு குறுநில மன்னன் காலத்துக் கதை. தன்னை வணங்க மறுத்த குயவர் பெண்ணை அவன் சூளைக்குள் அடைத்துப் புகையிட்டுக் கொல்கிறான். மூடிக்கிடந்த ஒரு பீங்கான் பட்டறையின் சூளையில் அந்தக் காட்சியை எடுத்தோம். அவளாக நடித்தது வேல்விழி. பீங்கான் பொம்மைகளுக்கு வண்ணம் அடிக்கும் உள்ளூர்ப் பெண்.

“பொகை எனக்கு ஆவாதுண்ணே. கதவு தொறந்துதான இருக்கும்?” என்று கேட்டாள்.

“தொறந்துதாம்மா இருக்கும்” என்றேன்.

நேற்று விமர்சகர் அம்சவல்லி அந்தக் காட்சியைத்தான் படத்தின் உயிர் என்றார். “சாவுற நேரத்துலயும் கொல்றவன அண்ணேன்னு கூப்புடுறா பாருங்க. அதிகாரத்த நம்பிக் கெட்ட சனங்களோட வரலாறே அந்த ஒரு வார்த்தையில இருக்குதுங்க.” எனக்குக் கண் கலங்கிவிட்டது.

அடுத்துப் பழமலை எழுந்தார். “மன்னன யாருங்க அண்ணேன்னு கூப்புடுவாங்க? வசனம் எழுதுனவருக்குக் காலமே தெரியல. அந்தப் பொண்ணு இருமுறதும் ஓவரா இருக்குது. ஒரே நாடகம்.” சிலர் சிரித்தார்கள்.

அந்தச் சிரிப்பைப் பொறுக்க முடியாமல்தான் வந்திருக்கிறேன்.

நான் எழுதிக் கொடுத்தது ‘மன்னா’ என்றுதான். ஒத்திகையில் அவள் அப்படித்தான் சொன்னாள். உயிரில்லை. அதனால் கேமராவை உள்ளே ஓடவிட்டு, வெளியே நானே தாழ்ப்பாள் போட்டேன். “அண்ணே, கதவத் தொறங்கண்ணே” என்று அவள் கூப்பிட்டது மன்னனை அல்ல, என்னை. ஓடிவந்த லைட்மேனிடம், “நடிக்குதுப்பா, கெடுத்துடாத” என்றேன். மானிட்டரில் அவள் கை தொய்ந்து விழுந்த பிறகும் சற்று ஓடவிட்டேன். காட்சிக்கு அந்த அமைதி தேவைப்பட்டது. பிறகு கதவு சிக்கிக்கொண்டதென்று கூச்சல் போட்டேன். எல்லோரும் நம்பினார்கள். நீங்களும் விபத்து என்று முடித்தீர்கள்.

வேல்விழியைக் கொன்றது நான்தான். எழுதிக்கொள்ளுங்கள். கூடவே, அவள் நடிப்பில் துளியும் மிகை இல்லை என்பதையும் எழுதுங்கள். பழமலை பேசியது அநியாயம். செத்துப்போன பிள்ளைக்காகப் பேச என்னைவிட்டால் யார் சார் இருக்கிறார்கள்?