வாசலில் கட்டிய இலை

வாசலில் கட்டியிருந்த ஒரு கொத்துப் பச்சை இலையை அவிழ்ப்பதற்கு நாற்பது டொலர் போனது. அறுபது கேட்டார்கள். நான் ஊரில் பெரியகடைச் சந்தையில் துணிக்கடை வைத்திருந்தவரின் மகன். கேட்ட விலையை அப்படியே கொடுத்துவிட்டு யாராவது வீட்டுக்கு வந்தால், அப்பா நெற்றியில் கை வைத்துப் பார்ப்பார், காய்ச்சலோ என்று.

போன கிழமை நிலக்சி என் அலுவலகத்துக்கு வந்து ஒரேயொரு கேள்வி கேட்டாள். அவளுக்கு ஒரு சின்னப் பதில் சொல்லி அனுப்பினேன். உங்களுக்கு முழுவதையும் சொல்கிறேன். உங்களுக்கும் எனக்கும் கொடுக்கல் வாங்கல் இல்லை. அப்படிப்பட்ட ஆளிடம்தான் நிம்மதியாக உண்மை பேசலாம்.

என் பெயர் தில்லையம்பலம். கனடாவின் ஸ்காபரோவில் ஒரு சேலைக்கடைக்கும் பல் வைத்தியருக்கும் நடுவில் என் பயண அலுவலகம் இருக்கிறது. முன்பு விமான ரிக்கற் விற்றேன். எல்லோரும் கட்டிலில் படுத்தபடியே போனில் ரிக்கற் வாங்கப் பழகியதும், மலையை விற்கத் தொடங்கினேன். வடக்கு வியட்நாமில், சீன எல்லைப் பக்கமாக, மொங் என்ற மலைச்சனம் இருக்கிறார்கள். அவர்களுடைய ஊர்களுக்கூடாக நடந்து, அவர்கள் வீட்டிலேயே படுத்து, அவர்கள் சமைத்ததைச் சாப்பிட்டுவிட்டு வருவதுதான் சரக்கு.

வாங்குகிறவர்கள் எங்கள் ஆட்கள். ஓய்வு பெற்றவர்கள். பிள்ளைகள் பிக்கரிங்கிலும் ஒஷாவாவிலும் வீடு வாங்கிப் போனபிறகு, இருக்கிற நேரத்தை என்ன செய்வதென்று தெரியாதவர்கள். சனிக்கிழமைகளில் றூஜ் ஆற்றுப் பாதையில் பயிற்சி நடை வைத்து, அதிகம் மூச்சு வாங்குகிறவர்களைக் கழித்துவிட்டுத்தான் கூட்டிப்போவேன். மிச்சமானவர்கள் மலை ஏறுவார்கள். ஆனால் கழிப்பறையில் குந்தி இருக்க மாட்டார்கள். ஆகவே அந்த ஊரில் சாவ் என்ற கிழவரின் வீட்டில் என் காசில் ஒரு கொமட் வைத்துக் கொடுத்தேன். கல்யாணப் பெண் மாதிரித் துணி சுற்றி மோட்டர் சைக்கிளில் ஏற்றி அனுப்பினோம். அந்த மலையில் கொமட் உள்ள வீடு அது ஒன்றுதான். என் விளம்பரத்தில் மலையின் படத்தை விட அதன் படம்தான் பெரிது.

இந்தத் தடவை பத்துப் பேர் சேர்ந்தார்கள். அதில் ஒருவர் யோகராணி அக்கா, நிலக்சியின் தாய். புறப்பட நாலைந்து நாள் இருக்கும்போது இருமிக்கொண்டே அலுவலகத்துக்கு வந்தார்.

"தம்பி, என்னை அடுத்த முறைக்கு மாத்திவிடுவியளோ? உந்த இருமல் விடுகுதில்லை. டொக்டர் மூக்குக்குள்ள குச்சி விட்டு எடுத்து ரெஸ்ற்றுக்கு அனுப்பியிருக்கிறார். குக்கலாவும் இருக்கலாமாம்."

குக்கல் என்றால் கக்குவான் இருமல். பெரியவர்களுக்கு அது நீண்ட தொல்லை, அவ்வளவுதான். பச்சைப் பிள்ளைகளுக்கு அப்படியல்ல என்பது எங்கள் சனத்தில் எல்லோருக்கும் தெரியும். எனக்கும் தெரியும்.

"மாத்தேலாத ரிக்கற் அக்கா அது. நீங்கள் வராட்டில் கட்டின காசு ஆருக்கும் பிரயோசனமில்லாமல் போகும்."

"நிலக்சி பிள்ளையைத் தூக்க விடுறாளில்லை. ரிசல்ற் வருமட்டும் வீட்டுக்குள்ள வரவேண்டாமாம். சமைச்சுக் கொண்டு போனால் கதவடியில வைச்சிட்டு மணியை அடிச்சிட்டுப் போகட்டாம். நான் என்ன, பார்சல் குடுக்கிற ஆளோ?"

"அப்ப இஞ்ச இருந்து என்ன செய்யப் போறியள்? மலைக்கு வாங்கோ. அங்க தூக்கிறதுக்குப் பேரன் இருக்கோ?"

சிரித்தார். சிரிப்பு இருமலில் போய் முடிந்தது. டொக்டர் கொடுத்த குளிசை வயிற்றைக் கலக்குகிறது என்றும் சொன்னார். ஹனோயிலிருந்து மலையடிக்குப் போகிற பஸ்ஸில் கழிப்பறை கிடையாது. ஒருவருக்கு வயிறு குழம்பினால் பத்துப் பேரின் பயணம் தெருவோரத்தில் நிற்கும். "குளிசையைத் திரும்பி வந்து போடுங்கோ அக்கா, அது எங்க ஓடப்போகுது" என்றேன். அவர் கேட்டுக்கொண்டார். நான் சொன்னால் எங்கள் ஆட்கள் கேட்பார்கள். என் தொழிலுக்குக் கைமுதல் அதுதான்.

அப்போது நான் சொன்னதில் ஒரு பிழையும் இருக்கவில்லை. சாவின் வீட்டில் குழந்தை பிறந்த செய்தி எனக்கு வந்திருக்கவில்லை.

நடையின் முதல் நாள் பின்னேரம், ஊர் கண்ணுக்குத் தெரிகிற கடைசி வளைவில் எங்கள் வழிகாட்டி மாய் நின்றாள். அதே ஊர்ப் பெண். வெள்ளைக்காரரோடு நடந்து நடந்தே ஆங்கிலம் படித்தவள். ஆட்களைச் சோளக்காட்டு ஓரத்தில் இருத்திவிட்டு என்னை மட்டும் முன்னே கூட்டிப்போனாள். சாவின் வாசல் நிலையில் ஒரு கொத்து இலை கட்டியிருந்தது. வாடவில்லை. மருமகளுக்குப் பிள்ளை பிறந்து பத்து நாள், மாதம் முடியும்வரை வெளியாள் உள்ளே போகக்கூடாது என்றாள். நேற்றுத்தான் தனக்கே தெரியும், நீரோடைக்கு அப்பால், கீழே, வேறு வீடு பேசி வைத்திருக்கிறேன் என்றாள். நான் முதலில் கேட்டது அங்கே கொமட் இருக்கிறதா என்று. இல்லை.

அந்த இலைக்கு எனக்கு விளக்கம் தேவைப்படவில்லை. என் மகள் பிறந்தபோது நாங்கள் ஸ்காபரோவில் பதினாலாம் மாடியில் இருந்தோம். முப்பத்தொரு நாள் துடக்கு, பிள்ளை பெற்ற தீட்டு. என் மாமி எலிவேற்றருக்கு நேரே ஒரு கதிரை போட்டு இருந்து, பிள்ளை பார்க்க வந்தவர்களிடம் பெட்டிகளை மட்டும் வாங்கிக்கொண்டு அப்படியே கீழே அனுப்பினார். ஆகவே சாவின் வாசலில் எழுதியிருந்ததை, அந்த மலைக்கு வந்துபோன எந்த வெள்ளைக்காரனையும் விட நான் சுத்தமாக வாசித்தேன்.

உள்ளே விடச் சொல்லிக் கேட்டேன். சாவ் முடியாதென்று தலையை ஆட்டினார். நாங்கள் வளர்ந்த இடத்தில் 'இல்லை' என்பதும் ஒரு விலைதான், கொஞ்சம் கூடின விலை. நான் சத்தம் போடவில்லை. என் ஆட்கள் கீழ் வீட்டில் தங்குவதென்றால் கொமட்டையும் கீழ் வீட்டுக்கு மாற்றவேண்டி வரும், இனி வருகிற ஆட்களும் அங்கேதான் போவார்கள், இதில் கோபம் ஒன்றுமில்லை, நடைமுறை என்று மாயிடம் சொல்லச் சொன்னேன். என் ஆட்களை நம்பித்தான் கிழவர் பத்து மெத்தை கடனுக்கு வாங்கியிருந்தார். அது எனக்குத் தெரியும்.

அவர் உள்ளே போய் நெடுநேரம் பேசிவிட்டு வந்தார். இலையை அவிழ்ப்பதென்றால் வீட்டைக் காக்கிற முன்னோருக்கு ஒரு பன்றி பலி கொடுத்து மன்னிப்புக் கேட்கவேண்டும், அதற்கு அறுபது டொலர்.

"கோழி என்றால் சாப்பிட மாட்டார்களாமா?" என்று கேட்டேன்.

மாய் அதை மொழிபெயர்க்கவில்லை. இதில் விலை பேசுவதில்லை என்றாள். எதிலும் பேசலாம், நீ சொல்லிப் பார் என்றேன். சொன்னாள், நிலத்தைப் பார்த்துக்கொண்டு. இரண்டு சேவல், நாற்பது டொலர். கிழவர் சரியென்று தலையசைத்தார்.

ஆட்களைக் கூப்பிட்டேன். யோகராணி அக்கா இலையைக் கண்டதும் நின்றுவிட்டார். "தம்பி, உதென்ன, துடக்கு வீடோ? இல்லாட்டில் அம்மாள் வந்த வீடோ?" என்றார். பார்த்தீர்களா, அவருக்கும் விளங்கியது.

"சீச்சீ, வரவேற்பக்கா. எங்களுக்காகக் கட்டினது. வீட்டுக்காரர் தன்ர கையால அவிட்டுவிடுவார்."

"றிபன் வெட்டுற மாதிரி எண்டு சொல்லு" என்றார் சண்முகலிங்கம் அண்ணை. அவர் முப்பது வருடம் ரொறன்ரோவில் பஸ் ஓட்டியவர். எதையும் சுருக்கமாகச் சொல்வார்.

சாவ் இலையை அவிழ்த்தார். முடிச்சு உடனே விடவில்லை. அவிழ்ந்ததும் எங்கள் ஆட்கள் கைதட்டினார்கள். கிழவர் திரும்பி எல்லோரையும் பார்த்தார். மரியாதைக்குத்தான் தட்டுகிறார்கள் என்று மாயிடம் சொல்லச் சொன்னேன்.

இருட்டுவதற்கு முன்பே பிள்ளையின் சத்தம் கேட்டுவிட்டது. யோகராணி அக்கா என்னைத் தேடி வந்தார். "பச்சைப் பிள்ளை இருக்கிற வீடெல்லோ தம்பி. என்ர இருமல்?"

"உங்கட இருமல் கனடாத் தூசி இருமல் அக்கா. இஞ்ச தூசி எங்க?"

நம்பினார். நம்புவதற்கு அவருக்கு நல்ல காரணம் இருந்தது. பேரனைக் கண்ணாடிக்கு வெளியே நின்று பார்த்தவர். அடுப்படியில் சாய்ந்திருந்த, பிள்ளை பெற்ற மருமகளுக்குப் பக்கத்தில் போய் இருந்து, மொழி இல்லாமல் இரண்டு கையையும் நீட்டினார். அந்தப் பெண் மாமனாரைப் பார்த்தாள். மாமனார் என்னைப் பார்த்தார். நான் புன்னகைத்தேன். பிள்ளை கை மாறியது. யோகராணி அக்கா முகத்தை முகத்தோடு வைத்து ஏதோ ஆராரோ சொன்னார், இடையில் திரும்பிச் சால்வைக்குள் இருமிக்கொண்டார். அடுப்பு வெளிச்சம் நன்றாக விழுந்தது. ஒரு படம் எடுத்தேன். நான் எடுத்த படங்களில் அதுதான் திறம்.

காலையில் ஆட்களுக்கு நித்திரை காணாத முகம். "கொமட் திறம், தில்லை. பிள்ளைதான் பிழை. இரவு முழுக்க ஹோர்ன் அடிச்சமாதிரி" என்றார் சண்முகலிங்கம் அண்ணை. இரண்டு இரவுக்கு முற்பணம் கொடுத்திருந்தேன். இரண்டாம் இரவை விட்டுவிட்டு ஆட்களைக் கீழே ஹோட்டலுக்குக் கொண்டுபோனேன். மிச்சக் காசைப் பற்றி வாயே திறக்கவில்லை. பிள்ளை பெற்ற வீடு.

நாங்கள் கனடா திரும்பிச் சில கிழமைகளில் மாயிடமிருந்து செய்தி வந்தது. பிள்ளை இருமி இருமி மூச்செடுக்க முடியாமல் நீலம் பாரித்ததாம். மோட்டர் சைக்கிளில் கீழே வைத்தியசாலைக்குக் கொண்டுபோகும் வழியில், தாயின் முதுகில் கட்டியிருந்தபடியே முடிந்துவிட்டதாம். சாவ், முன்னோர் பன்றி கேட்ட இடத்தில் சேவல் கொடுத்தேன், பிழை என்னுடையது என்று சொல்லிக்கொண்டிருக்கிறாராம். உங்கள் ஆட்களில் யாருக்காவது வருத்தம், காய்ச்சல் இருமல் ஏதும் இருந்ததா என்று கேட்டிருந்தாள். ஒருவருக்கும் இல்லை, எல்லோரும் சுகம், ஆழ்ந்த அனுதாபம் என்று எழுதினேன். கிழவரே ஒரு காரணத்தைக் கண்டுபிடித்து அதோடு இருக்கிறார். அதைப் போய்க் கலைப்பது எனக்குச் சரியாகப் படவில்லை. இரண்டு நாள் கழித்து அந்த நாற்பது டொலரை மாய் மூலம் திருப்பி அனுப்பியிருந்தார்.

யோகராணி அக்காவுக்கு இப்போது இருமல் இல்லை. பேரன் நாள் முழுக்க அவர் இடுப்பில். போன மாதம் மலைப் பிள்ளைக்கு ஒரு கம்பளிச் சட்டை வாங்கிக்கொண்டு வந்தார்.

"அனுப்பிவிடு தம்பி. எப்பிடி இருக்கிறானாம்?"

"கொழுத்துப்போனானாம் அக்கா."

சட்டை என் மேசை லாச்சிக்குள் இருக்கிறது. படம் அலுவலக முன்கண்ணாடியில் இருக்கிறது. அதைப் பார்த்துவிட்டு இளவேனில் பயணத்துக்கு ஏழு பேர் பதிந்திருக்கிறார்கள்.

இனி நிலக்சி. பிள்ளை இறந்ததைப் பற்றி மாய் முகநூலில் போட்டிருந்ததை அவள் எப்படியோ கண்டுவிட்டாள். கண்ணாடியில் தாயின் படத்துக்கு முன்னால் கொஞ்ச நேரம் நின்றுவிட்டு உள்ளே வந்தாள். இருக்கவில்லை.

"அங்கிள், ஜஸ்ற் ரெல் மீ. என்ர மெசேஜை நீங்க எப்ப பாத்தனீங்க?"

தாயின் போன் அங்கே வேலை செய்யாதென்பதால் எனக்கு அனுப்பிய செய்தி. ரெஸ்ற் முடிவு வந்துவிட்டது, குக்கல்தான், அம்மாவைக் குளிசை போடச் சொல்லுங்கோ, மாஸ்க் போடச் சொல்லுங்கோ, குழந்தைகளுக்குக் கிட்டப் போக விடாதேங்கோ என்று இருந்தது.

"மலையில சிக்னல் இல்லைப் பிள்ளை. ஹனோய்க்குத் திரும்பி வந்தாப் பிறகுதான் கண்டனான். அம்மாவுக்குச் சொல்லாதேங்கோ, தாங்கமாட்டா."

என் போனில் செய்தியைப் படித்ததாக நீல அடையாளம் விழாது. கடன் கேட்கிறவர்களுக்காக அப்படி வைத்தது. அவள் தன் போனைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள், போய்விட்டாள். தாயிடம் சொல்லமாட்டாள். பிள்ளை பார்க்க அந்தத் தாய் அவளுக்கும் வேண்டும்.

அந்தச் செய்தியை நான் அன்று காலையிலேயே பார்த்தேன். மலையடியில், நடை தொடங்குமுன், தேத்தண்ணிக் கடையில். காசு திருப்பிக் கேட்கிறாளோ என்று நினைத்து இரண்டாம் தரமும் வாசித்தேன். சாவ் முடிச்சை அவிழ்த்துக்கொண்டு நிற்கும்போது அது என் சட்டைப் பையில் இருந்தது. யோகராணி அக்கா கையை நீட்டும்போதும் இருந்தது. அந்தப் போனில்தான் படம் எடுத்தேன்.

சொல்லியிருக்கலாம். சொன்னால் அவரைக் கீழே விடவேண்டும், துணைக்கு ஓர் ஆள் வேண்டும், மற்ற ஒன்பது பேரும் பயந்து காசு கேட்பார்கள், ஸ்காபரோ முழுக்கக் கதை போகும். யாருக்கும் கெடுதல் நினைத்து நான் ஒன்றும் செய்யவில்லை. அந்தப் பிள்ளையின் பெயரைக்கூட நான் கேட்கவில்லை.

கணக்கு இப்படி நிற்கிறது. இலைக்குக் கொடுத்த நாற்பது திரும்பி வந்துவிட்டது, இடையில் வங்கி தின்றதை நான் பொருட்படுத்தவில்லை. கொமட் அவர்களிடமே இருக்கிறது, இருக்கட்டும். இரண்டு இரவுக்குக் கொடுத்தேன், ஓர் இரவுதான் தங்கினோம். அந்த மற்ற இரவின் காசை சாவ் எனக்கு இன்னும் தரவேண்டும்.

நான் கேட்கப்போவதில்லை.