காற்றிடம் கேள்வி கேட்ட ததேயுஸ்

மேடையில் வீற்றிருக்கும் பங்குத்தந்தை அவர்களே, ஊர் கமிட்டித் தலைவர் திரு. ஏசுஅடிமை அவர்களே, தலைமையாசிரியர் திரு. சுந்தரராஜ் அவர்களே, எதிரே அமர்ந்திருக்கும் தாய்மார்களே, பெரியோர்களே, உள்ளே இடமிருந்தும் வெளியே பைக்கின் மேல் உட்கார்ந்து செல்போன் பார்த்துக்கொண்டிருக்கும் இளைஞர்களே, உங்கள் எல்லோருக்கும் வணக்கம். நான் ராஜபாய். நாகர்கோவில் கோர்ட்டில் வக்கீல். மறைந்த பெருந்தகை ததேயுஸ் அவர்களுக்காக ஏறத்தாழ ஆறு வருடம் வழக்காடியவள். கடைசியாகப் பேச என்னை வைத்திருக்கிறீர்கள். அதற்குள் பாதிக் கூட்டம் எழுந்து போய்விடும் என்று நினைத்திருப்பீர்கள். போகவில்லை. நல்லது.

எனக்கு முன்னால் பேசியவர்கள் எல்லோரும் அழகாகப் பேசினார்கள். ததேயுஸ் ஊரின் செல்லப்பிள்ளை என்றார் ஒருவர். ஊர் அவரைத் தோளில் வைத்துத் தாங்கியது என்றார் தலைமையாசிரியர். தோளில் வைத்ததா? எந்த ஊர்? எந்தத் தோள்? என் தொழிலில் பொய்ச்சாட்சி சொல்வதைக் கேட்டுக்கொண்டு சும்மா உட்கார்ந்து எனக்குப் பழக்கமில்லை. செத்தவர் எழுந்து வந்து மறுக்கமாட்டார் என்ற தைரியத்தில் பேசினீர்கள். அவருடைய வக்கீல் இன்னும் சாகவில்லை.

இளைஞர்களுக்குத் தெரியாமல் இருக்கலாம், ஆகவே முதலில் இருந்து சொல்கிறேன். இரண்டாயிரத்து ஆறாம் ஆண்டு மே மாதம். உங்கள் ஊர்த் திருவிழாவுக்குக் கொடி ஏறியிருந்தது. வளைகுடாவில் இருந்து திருவிழாவுக்கு வந்துகொண்டிருந்த பிள்ளைகள் ஒரே விமானத்தில் வந்தார்கள். இந்த ஊரில் இருந்து மட்டும் பதினொரு பேர். அதில் ஒருத்தி ஸ்மிதா. ததேயுஸ், ஜெபமணி தம்பதியின் ஒரே மகள். மஸ்கட்டில் நர்ஸ். சாயங்காலம் இடியும் மழையுமாக இருந்தது. விமானம் இறங்குகிற நேரத்தில் எதிர்க்காற்று ஒன்று அதைத் தூக்கியது. விமானி வேகத்தைக் குறைத்தார். குறைத்த மாத்திரத்தில் காற்று திரும்பிப் பின்னால் இருந்து அடித்தது. தாங்கிப் பிடித்த காற்று இல்லாமல் போனதும், ஓடுபாதைக்கு இந்தப் பக்கம் இருந்த தென்னந்தோப்பில் விமானம் விழுந்தது. பிழைத்தவர்கள் கொஞ்சம் பேர். அவர்களில் இந்த ஊர்க்காரர் யாரும் இல்லை.

இந்தக் கரையில் ஒரு வழக்கம் உண்டு. அதை நான் கேலி செய்யமாட்டேன். வள்ளத்தைக் காற்று எடுத்துவிட்டால் யாருடைய தப்பு என்று யாரும் கேட்பதில்லை. சுக்கான் பிடித்தவன் பிழைத்து வந்தால் அவனிடம்கூடக் கேட்பதில்லை. கேட்டால் மறுநாள் ஒருவனை நம்பி இன்னொருவன் கடலுக்குப் போகமுடியாது. பூசை வைத்துவிட்டு, வலையை எடுத்துக்கொண்டு போய்விடுவீர்கள். கடலில் அது அறிவுள்ள வழக்கம். ஆனால் நீங்கள் செய்தது என்ன? கடலுக்கு வைத்திருந்த வழக்கத்தை அப்படியே தூக்கிக்கொண்டு போய் ஏரோப்ளேனுக்கு வைத்தீர்கள். சம்பளம் வாங்குகிற அதிகாரிகளும் பூட்டிய ஆபீசும் உள்ள ஓர் இடத்தில் பதினொரு பிள்ளைகள் செத்திருக்கிறார்கள். நீங்கள் ஒரு கேள்வி கேட்கவில்லை. வருடம் திரும்பியதும் சிலுவை நிற்கும் குருசடிக்குப் பக்கத்தில் கறுப்புக்கல் நட்டீர்கள். ‘ஆண்டவர் தம் காற்றை அனுப்பி அழைத்துக்கொண்ட எம் பிள்ளைகள்’ என்று அதில் கொத்தி, கீழே பதினொரு பெயரையும் வைத்தீர்கள். ஆண்டவருக்கு அன்று வேறு வேலை இல்லை பாருங்கள்.

ததேயுஸ் என் அலுவலகத்துக்கு வந்தது அதற்கு மறுவாரம். மீன் நாற்றம் அடிக்கும் என்று வெளியிலேயே நின்றார். உள்ளே வாருங்கள் என்றேன். வந்து, உட்காராமலே சொன்னார்.

“வக்கீலம்மா, எனக்க மகள எந்தக் காத்து எடுத்துன்னு அறியணும். எங்க கடல்ல காத்து எடுத்தா நாங்க கேக்கமாட்டோம். அது எங்க காத்து. இது ஆருக்க காத்து?”

 எனக்கும் தெரியாது. விசாரணைக் கமிஷன் முன்னால் மனுப் போட்டோம். முதலில் தள்ளினார்கள். மறுபடி போட்டோம். கடைசியில் ஓர் அதிகாரி வாயைத் திறந்தார். ஓடுபாதையின் இரண்டு முனையிலும் காற்றை அளக்கிற கம்பம் உண்டு. நம் பிள்ளைகள் இறங்கிய முனையில் இருந்த கம்பம் மாதக்கணக்காகப் பழுது. அதன் உச்சியில் காற்றுக்குச் சுற்றவேண்டிய கிண்ணங்கள் துருப்பிடித்துச் சுற்றாமல் நின்றன. ஆகவே அடுத்த முனையின் காற்றைப் பார்த்து, எல்லாம் சரியாக இருக்கிறது, இறங்கலாம் என்று விமானிக்குச் சொல்லியிருக்கிறார்கள். அந்த முனையில் உண்மையிலேயே காற்று சரியாகத்தான் இருந்தது. வராந்தாவுக்கு வந்ததும் ததேயுஸ் என்னைப் பார்த்தார்.

“அப்போ, எனக்க மகளுக்கு அந்தாண்ட முனையிலுள்ள காத்தயா சொல்லிக் குடுத்தாவ?”

“ஆமாம்” என்றேன்.

அன்று மாலையே ஊருக்கு வந்து, உளியும் சுத்தியலும் எடுத்துக்கொண்டு குருசடிக்குப் போனார். அந்தக் கல்லில் இருந்து தன் மகளின் பெயரைக் கொத்தி எடுத்தார். தடுக்கப் போனவர்களிடம் ஒன்றே ஒன்று சொன்னார்: “எனக்க மகள ஆண்டவர் கொல்லல்ல. அவருக்க மேல பழி போடாதீங்க.” இதைவிடப் பக்தியான வார்த்தையை நான் எந்தப் பிரசங்கத்திலும் கேட்டதில்லை. ஆனால் கமிட்டிக்கு அது தேவதூஷணமாகக் கேட்டது. மறு ஞாயிற்றுக்கிழமை அவருக்கு ஊர் விலக்குப் போட்டீர்கள்.

ஊர் விலக்கு என்றால் என்ன என்று பங்குத்தந்தை அவர்களுக்குத் தெரியாது. போன வருடம்தான் இங்கே வந்தார். நான் சொல்கிறேன், சாமி. ததேயுஸின் வள்ளத்தில் ஏற ஆள் வரவில்லை. பிடித்த மீனைக் கரையில் ஏலம் விடவில்லை. அவர் அதைக் குளச்சலுக்குச் சுமந்துபோய் நஜ்முதீன் என்ற வியாபாரிக்கு விற்றார். அந்த மனிதர் ஒருவர்தான் முகம் சுளிக்காமல் எடுத்துக்கொண்டார். தண்ணீர்க் குழாயடியில் ஜெபமணி வரிசையில் நின்றால், முன்னால் நிற்பவள் திரும்பிச் சொல்வாள்: “ஏட்டி, கொடத்த எடுத்துட்டுப் போ. கமிட்டி கண்டா எங்களுக்கும் வெலக்கு.” அப்படிச் சொன்னவர் மூன்றாம் வரிசையில் இருக்கிறார். கைக்குட்டையும் வைத்திருக்கிறார். பெயர் சொல்லமாட்டேன், பயப்படவேண்டாம்.

அந்த விலக்கில் இருக்கும்போதே ஜெபமணி செத்துப்போனார். மகள் போனதில் இருந்தே அவர் ஒழுங்காகச் சாப்பிட்டதில்லை. இந்தக் கரையில் யார் செத்தாலும் கோயிலில் துக்கமணி அடிப்பார்கள். சண்டைக்காரன் செத்தால் அடிப்பார்கள், குடிகாரன் செத்தால் அடிப்பார்கள். ஜெபமணிக்கு அடிக்கவில்லை. நான் தலைவர் அவர்களிடம் நேரில் போய்க் கேட்டேன். நினைவிருக்கும் அவருக்கு. “வெலக்குள்ள வீட்டுக்கு மணி கெடயாது, வக்கீலம்மா. வேணும்னா அந்தக் கல்லுல பேரத் திரும்பக் கொத்தச் சொல்லுங்க, இப்பமே அடிக்கச் சொல்லுதேன்” என்றார். பிணத்தை வாசலில் வைத்துக்கொண்டு பேரம். ததேயுஸிடம் வந்து சொன்னேன்.  “மணி இல்லன்னா போட்டும், தூக்குங்க” என்றார். தூக்கியது யார் தெரியுமா? ததேயுஸ், என் குமாஸ்தா, என் டிரைவர், குளச்சலில் இருந்து ஓடிவந்த நஜ்முதீன். பெட்டியின் கால்பக்கத்தை ஒரு முஸ்லிம் சுமந்தார். நீங்கள் ஜன்னல் வழியாகப் பார்த்துக்கொண்டிருந்தீர்கள்.

போன மாதம் ததேயுஸுக்கு மணி அடித்தீர்கள். நிறுத்தாமல் அடித்தீர்கள். ஜெபமணிக்கு அடிக்காத அந்த மணி என் காதில் விழவே இல்லை.

அந்த மனிதர் நின்றுவிட்டாரா? மனைவியை அடக்கம் செய்த வாரமே விசாரணைக்கு வந்தார். டெல்லிக்கு ரிசர்வேஷன் இல்லாத பெட்டியில் வந்தார். இந்தியும் தெரியாது, இங்கிலீஷும் தெரியாது. ஒவ்வோர் அறையிலும் மகளின் படத்தை மேசைமேல் வைப்பார், நான் பேசுவேன். அவருக்கு அழத் தெரியாது. கோபப்படத்தான் தெரியும். அது எனக்கு ரொம்ப வசதியாக இருந்தது. இரண்டாயிரத்துப் பதின்மூன்றில் அந்த ஓடுபாதையைச் சுற்றிப் புதிய கம்பங்கள் நட்டார்கள். ஒரு கம்பத்தின் காற்றும் இன்னொரு கம்பத்தின் காற்றும் ஒத்துவராவிட்டால் விமான நிலையத்துக் கட்டுப்பாட்டுக் கோபுரத்தில் அலாரம் அடிக்கும். அடித்தால் விமானி இறங்காமல் மேலே தூக்கிக்கொண்டு போய்விடலாம். ஏன் இறங்கவில்லை, ஏன் எரிபொருளை வீணாக்கினாய் என்று அவரை யாரும் கேட்கக்கூடாது. அப்படி ஓர் உத்தரவும் வாங்கினோம். கேட்கக்கூடாத கேள்வி என்று ஒன்று இருக்கத்தான் வேண்டும் என்று ததேயுஸுக்குத் தெரியும். எதைக் கேட்கக்கூடாது, எதைக் கேட்கவேண்டும் என்பதில்தான் அவருக்கும் உங்களுக்கும் வித்தியாசம்.

பேப்பரில் அவர் படம் வந்தது. உடனே விலக்கு நீங்கியது. எப்படி நீங்கியது, யார் நீக்கினார்கள் என்று எனக்கு இன்றுவரை தெரியாது. பொன்னாடை போர்த்தினீர்கள். அந்தப் பொன்னாடையால் அவர் வள்ளத்து எஞ்சினைத் துடைத்துக்கொண்டிருந்ததை நான் கண்ணால் பார்த்தேன். “நல்லா ஆயில் எடுக்குது, வக்கீலம்மா” என்றார்.

இப்போது சொல்லப்போவதைக் கேட்டுத் தலைவர் அவர்கள் வருத்தப்படவேண்டாம். வருத்தப்பட்டாலும் எனக்கு ஒன்றும் இல்லை. போன வருடம் திருவிழாவுக்கு அவருடைய மகள் பெபிஷா கைக்குழந்தையோடு துபாயில் இருந்து வந்தாள். அதே ஓடுபாதை, அதே மாதிரி இடிமழை. கோபுரத்தில் அலாரம் அடித்தது. விமானி தூக்கிக்கொண்டு போய்க் கொச்சியில் இறக்கினார். பெபிஷா மறுநாள் மத்தியானம் வீடு வந்து சேர்ந்தாள். அந்த இரவில் தலைவர் அவர்கள் விமான நிலையக் கவுண்டரில் நின்று, “ஒங்க பைலட்டுக்கு ஓட்டத் தெரியுமா, தெரியாதா?” என்று சத்தம் போட்டார். திருவிழாச் சப்பரத்துக்குப் பேத்தி வந்து சேரவில்லை என்ற கோபம். ததேயுஸ் வீட்டுக்குப் போய் ஒரு வார்த்தை சொன்னீர்களா, ஐயா? மூன்று வீடு தள்ளித்தானே?

ததேயுஸுக்கு அந்தச் சேதியைச் சொன்னது நான். உங்கள் கம்பங்கள் ஒரு விமானத்தைக் காப்பாற்றியிருக்கின்றன, அதில் ஏசுஅடிமையின் மகளும் இருந்தாள் என்றேன். அவர் வாயில் இருந்து வந்த வார்த்தையை அப்படியே சொல்கிறேன். அவரைப் புனிதராக்க இங்கே பலர் முயற்சி செய்தீர்கள், அதற்காகவாவது சொல்லியாகவேண்டும்.

“அவளா? அதுல வேற ஆராவது வந்திருக்கப்பிடாதா?”

ஆம். அப்படித்தான் சொன்னார். சொல்லிவிட்டு வலையைப் பிரித்துக்கொண்டிருந்தார். பெபிஷா, நீ இங்கே இருக்கிறாய் என்று தெரியும். மன்னிப்புக் கேட்கமாட்டேன், அவர் சார்பிலும் கேட்கமாட்டேன். நீயும் உன் குழந்தையும் உயிரோடு இருப்பது அவருக்குப் பிடிக்கவில்லை. பிடிக்காமலேயே உங்களைக் காப்பாற்றினார். அன்பினால் செய்கிறவர்கள் அன்பு தீர்ந்ததும் நிறுத்திவிடுவார்கள். அவர் நிறுத்தவில்லை.

எப்படி நிறுத்தவில்லை என்று கேட்பீர்கள். கம்பம் நட்டதோடு வேலை முடிந்தது என்று நானே நினைத்தேன். அவர் நினைக்கவில்லை. ஒவ்வொரு வருடமும் ஏப்ரலில், இடிமழை தொடங்கும் முன்னால், அந்த விமான நிலையத்துக்குப் போன் போடுவார். “கம்பம் எல்லாம் சுத்துதா?” என்று கேட்பார். சுற்றுகிறது என்றால் நம்பமாட்டார். பஸ் ஏறிப்போய் வேலிக்கு வெளியே நின்று, ஒவ்வொன்றாகப் பார்த்துவிட்டு வருவார். ஒரு தடவை செக்யூரிட்டி பிடித்து உட்காரவைத்துவிட்டார்கள். நான் போய்க் கூட்டிக்கொண்டு வந்தேன். அதற்கடுத்த வருடமும் போனார்.

இந்த வருடம் பிப்ரவரியில் படுத்தார். போன மாதம் போய்ச் சேர்ந்தார். அவருக்காக என்ன செய்வது என்று இங்கே நிறைய யோசனை சொன்னீர்கள். சிலை என்றார் ஒருவர். தெருவுக்குப் பெயர் என்றார் இன்னொருவர். அவர் பணியைத் தொடர்வோம் என்று எல்லோரும் கைதட்டினீர்கள். இன்று காலையில் இங்கே புறப்படும் முன்னால் நான் அந்த விமான நிலையத்துக்குப் போன் போட்டேன். ராஜபாய், ததேயுஸ் விஷயமாகப் பேசுகிறேன் என்றேன். எடுத்த பையன் நல்ல பையன். “அந்தப் பெரியவரா மேடம்? எல்லா வருசமும் ஏப்ரல்ல கூப்பிடுவாரே, இந்த வருசம் கூப்பிடல்லயேன்னு நாங்களும் பேசிக்கிட்டோம்” என்றான்.

கம்பங்கள் சுற்றுகின்றனவா என்று கேட்டேன்.

“ரெண்டு ஓடல்ல மேடம். ரிப்பேருக்கு எழுதிப் போட்டிருக்கு. ஆரும் கேக்கல்ல, அதனால கொஞ்சம் தாமசம்” என்றான்.

எந்த முனை என்று கேட்டேன். சொன்னான். அதே முனை.

உங்கள் திருவிழாவுக்குக் கொடி ஏறிவிட்டது. நாளைக்குச் சாயங்காலம் வருகிற விமானத்தில் யாருடைய பிள்ளைகள் எல்லாம் வருகிறார்கள்? கையைத் தூக்குங்கள், பார்க்கலாம். வெட்கப்படவேண்டாம். இத்தனை கையா? சரி, கீழே போடுங்கள்.

இது வழக்கமாக உறுதிமொழி எடுக்கிற இடம். எனக்கு உங்கள் உறுதிமொழி வேண்டாம். வெளியே என் வேன் நிற்கிறது. நான் நாகர்கோவிலுக்குத் திரும்பவில்லை, இங்கிருந்து நேரே விமான நிலையத்துக்குப் போகிறேன். அந்தக் கம்பங்கள் சுற்றுகிறவரை அந்த ஆபீஸ் வாசலை விட்டு எழுந்திருக்கமாட்டேன். கை தூக்கியவர்கள் வந்து ஏறுங்கள். தலைவர் அவர்களே, முன் சீட்டில் நீங்கள் உட்காருங்கள்.