மலையாகக் கத்தியவள்

மயிலாப்பூர் குளத்து ஸ்டாப்பில் ஏறிய இரண்டு மீன்காரப் பெண்கள் காலிக் கூடைகளோடு எனக்கு முன் சீட்டில் உட்கார்ந்தார்கள். பஸ் கிளம்பியதும் இளையவள், குரலைத் தாழ்த்தாமல் சொன்னாள்:

"யக்கா, நேத்து நான் மலையா கத்துனேன்."

"இன்னாடி சொல்ற?"

"எங்கிட்ட வஞ்சிரம் வாங்குமே, கோடம்பாக்கத்துல சினிமாவுக்கு சத்தம் சேக்குற பொண்ணு, அது ஸ்டுடியோவுக்கு கூட்டினு போச்சு. படத்துல எங்கியுமே இல்லாத ஒரு நாடு கீதாம். அங்க மலைங்க ஒன்ன ஒன்னு கூப்டுமாம். மிசின்ல செஞ்ச சத்தம் எதுவும் சரிப்படலியாம்."

"நீ இன்னா பண்ண?"

"மொதல்ல மீன் விக்கிற மாரி கூவுனேன். மார்க்கெட்டு மாரி கீதுன்னுச்சு. அப்பால கண்ண மூடிக்கினேன். போன மழைல எம் புருசன் போன போட்டு ரெண்டு நாளு கரைக்கு வரல இல்ல, அப்ப கடலப் பாத்து அவர கூப்ட்டேனே, அதே மாரி கூப்ட்டேன்."

மூத்தவள் அவள் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"கண்ணாடிக்கு அந்தாண்ட குந்தினு இருந்தவங்க அல்லாரும் எய்ந்து நின்னுட்டாங்க. இதாங்க்கா மலை, இன்னொரு வாட்டி கூப்டுங்கன்னு அந்தப் பொண்ணு கெஞ்சுச்சு."

"கூப்ட்டியா?"

"மாட்டேன்னுட்டேன். அவருதான் வந்துட்டாரே, வூட்டாண்ட குந்திக்கினு வலை தச்சிக்கினு கீறாரு. அவர இன்னாத்துக்கு இன்னொரு வாட்டி அப்டி கூப்டணும்?"