குப்பம்மாள் தரப்பு

விசாரணையில் இருந்தவர்கள்: கூட்டுறவுத் துறை அதிகாரி ஸ்டீபன், பழைய பால் சங்கத்தின் செயலாளராகிய நான், மகளிர் பால் சங்கத்தின் தலைவி குப்பம்மாள். பதிவில் அப்படித்தான் இருக்கிறது. குப்பம்மாள் வரவில்லை.

யார் பேசினாலும் குறுக்கே பேசாதவன் நான். உருக்காலையில் இரவு ஷிப்டு பார்த்த காலத்தில் வந்த பழக்கம். அங்கே கத்தினாலும் யாருக்கும் கேட்காது. அந்த வேலையை விட்டுவிட்டு, கவரைப்பேட்டைக்குப் பக்கத்தில் எங்கள் ஊர்ப் பால் சங்கத்தில் சேர்ந்தேன்.

தகராறு கிழக்குத் தெருவைப் பற்றியது. ஊர் மாடுகளில் பாதி அங்கேதான். தெரு எந்தச் சங்கத்தின் எல்லைக்குள் வருகிறதோ, பால் அந்தச் சங்கத்துக்கு. புதிதாக வந்த மகளிர் சங்கம் அந்தத் தெருவைக் கேட்டது. போனால் எங்கள் சங்கத்தை மூட வேண்டியதுதான். எனக்கு மறுபடி இரவு ஷிப்டு.

ஸ்டீபன் சார் நியாயமானவர். இரு தரப்பையும் கேட்காமல் கையெழுத்துப் போட மாட்டார். ஒரு தரப்பு வராவிட்டால் தள்ளிவைப்பார். ஆகவே இரு தரப்பும் வந்தே தீர வேண்டும் என்பதில் நானும் உறுதியாக இருந்தேன். அவர் புதிதாக மாற்றலாகி வந்தவர். குப்பம்மாளின் முகம் தெரியாது.

விசாரணை அன்று காலை குப்பம்மாளை எங்கள் தீவனக் கிடங்குக்குக் கூப்பிட்டேன். "வாக்கா, போறதுக்கு முன்னாடி ஸ்டாக்க பாத்துக்க. தெரு உங்களுக்கு வந்துச்சுனா இதுலயும் பங்கு பிரிக்கணும் இல்ல" என்றேன். உள்ளே போனார். வெளியே பூட்டினேன். தகரக் கூரை. மே மாதம்.

பிறகு கிழக்குத் தெரு சோனியாவை விசாரணைக்குத் திருவள்ளூருக்கு பஸ்ஸில் அழைத்துப் போனேன். ஒரு மூட்டைத் தீவனம் தருவதாகப் பேச்சு.

"அங்க நீதான் குப்பம்மா. தெரு எங்களுக்கு வாணாம்னு சொல்லிட்டு வந்துடு."

"அவ்ளோதானா? அதுக்கு முழு மூட்டையா லோகுண்ணா?"

குப்பம்மாள் என்று கையெழுத்துப் போட்டு உட்கார்ந்தாள். "யாரும் அவசரப்படுத்த மாட்டாங்கம்மா. மனசுல இருக்கறத சொல்லுங்க" என்றார் சார். சோனியாவிடம் அதுவரை யாரும் அப்படிக் கேட்டதில்லை.

"மனசுல இருக்கறதா சார்?" நாற்காலியை முன்னால் இழுத்துப் போட்டாள். "இவுரு மிஷினு எங்க தெருப் பாலுக்கு மட்டும் கொழுப்பே காட்டாது. அதே பால என் நாத்தனா மேலத்தெருவுலர்ந்து எட்தாந்து ஊத்துனா ஏறிக்குது. பாலுக்கு இல்லாத கொழுப்பு யாருக்கு கீதுன்னு நீங்களே பாத்துக்குங்க."

இன்னும் நிறையப் பேசினாள். நான் குறுக்கே பேசவில்லை. 'இவள் குப்பம்மாள் இல்லை' என்று வாய்வரை வந்தது. சொன்னால், குப்பம்மாள் எங்கே என்று கேட்பார்கள்.

தெரு மகளிர் சங்கத்துக்கு என்று அங்கேயே உத்தரவானது.

வேலை போன கவலையில் நேராக வீட்டுக்குப் போய்ப் படுத்துவிட்டேன். சாயந்திரம் சோனியா வந்து எழுப்பினாள்.

"இன்னாண்ணா, மூட்டை எங்க?"

"அதான் கவுத்துட்டியே."

"வந்து பேசுன்ன, பேசுனேன். கிடங்கத் தொற."

கிடங்கு என்றதும்தான் குப்பம்மாள் நினைவுக்கு வந்தார்.

மூட்டைகளுக்கு நடுவே கிடந்தார். மூச்சு இருந்தது. சோனியாதான் ஆட்டோ பிடித்து ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனாள்.

அன்று இரவு எனக்குத் தூக்கம் வரவில்லை. குப்பம்மாளின் தரப்பை யாரும் கேட்கவே இல்லை. எவ்வளவு பெரிய அநியாயம். அப்படிப் போட்ட உத்தரவு செல்லாது. விடிந்ததும் நானே ஸ்டீபன் சாருக்குப் போன் செய்து நடந்ததைச் சொன்னேன். அந்த அம்மாவை முறையாக விசாரியுங்கள் என்று கேட்டதும் நான்தான். இதை யாரும் நினைத்துப் பார்ப்பதில்லை.

சார் ஆஸ்பத்திரிக்கே வந்தார். என்னையும் வைத்துக்கொண்டு, "உங்க தரப்ப சொல்லுங்கம்மா" என்றார்.

குப்பம்மாள் என்னைப் பார்த்தார். "சோனியா சொன்னதுதான் சார் நான் சொல்றதும். நான் வந்திருந்தா அழுதுகினு நின்னிருப்பேன். அவ சொல்லாதது ஒண்ணு கீது. கிடங்குல பாதி மூட்டைல வெறும் உமி. மயக்கம் வர்ற வரிக்கும் பிரிச்சுப் பாத்துகினு இருந்தேன்."

சார் அதையும் எழுதிக்கொண்டு மறுபடி கையெழுத்துப் போட்டார். இப்போது உத்தரவு செல்லும்.

வெளியே எஸ்.ஐ. ஹுமைரா நின்றிருந்தார். ஸ்டேஷனில் நான் சொன்னதையெல்லாம் பொறுமையாகக் கேட்டார். ஒன்றை மட்டும் எழுதிக்கொள்ளவில்லை. பூட்டுவதற்கு முன் கிடங்குக்குள் ஒரு தண்ணீர் பாட்டில் வைத்தேன். அரை பாட்டில்தான், ஆனால் வைத்தேன். அதை இன்னொரு முறை சொல்ல வாயெடுத்தேன். அதற்குள் லாக்கப் கதவைச் சாத்திப் பூட்டிவிட்டார்.