மூன்று முறை கூப்பிட வேண்டும்

கம்பெனிக்குப் பெயர் வைப்பது லேசுப்பட்ட வேலை இல்லை, சார். நம் ஜி.எஸ்.டி. ரோட்டையே பாருங்கள். பாதிக் கடை சாமி பெயரில் ஓடுகிறது, மீதி முதலாளியின் பிள்ளைகள் பெயரில். யாரும் மண்டையை உடைத்துக்கொள்வதில்லை. நான் உடைத்துக்கொண்டேன்.

ஊரப்பாக்கத்தில் ஒரு டைல்ஸ் கடையில் பில் போடுகிறேன். மற்ற நேரமெல்லாம் நான் இருப்பது ஏழ்துறையில். அப்படி ஓர் இடம் எந்த மேப்பிலும் கிடையாது. நானே உண்டாக்கிய உலகம். ஏழு துறைமுகங்கள், ஒன்றையொன்று கவிழ்க்கப் பார்க்கும் வியாபாரக் கம்பெனிகள். கதையை வாராவாரம் செல்போனில் பேசிப் பதிவு செய்து வெளியிடுவேன். மேப், கப்பல், கொடி எல்லாம் வரைந்தது எல்லப்பன். அணுபுரத்துப் பிள்ளைகளைப் பள்ளிக்கு ஏற்றிப்போகும் வேன் ஓட்டினான். படிக்கிற காலத்தில் எங்களுக்கு ஒரே பெஞ்ச்.

முதல் கதையில் பெரிய கம்பெனி ஒன்றுக்குப் பெயர் தேவைப்பட்டது. எதிரே அவன் பரோட்டா பிய்த்துக்கொண்டிருந்தான். எல்லப்பன் கம்பெனி என்று வைத்துவிட்டேன். பிரியம்தான், வேறென்ன.

விதியைப் பிறகுதான் எழுதினேன். ஏழ்துறையில் உயிரோடு இருப்பவர் பெயரைக் கம்பெனிக்கு வைக்கக்கூடாது. கடல் கொண்டுபோனவர் பெயர்தான் செல்லும். கரையில் நின்று அந்தப் பெயரைக் கடலைப் பார்த்துக் கூப்பிட வேண்டும். பதிலே இல்லாமல் மூன்று கூப்பாடு முடிந்தால் பெயர் கம்பெனிக்கு. உரியவர் பதில் கொடுத்துவிட்டால் கம்பெனியை மூடிக் கப்பல்களைக் கொளுத்திவிடுவார்கள். கேட்டவர்கள் சிலிர்த்துப்போனார்கள். அந்தச் சமயத்தில் எல்லோரும் என் கதையை விட்டுவிட்டு அவன் படங்களைப் பற்றியே பேசிக்கொண்டிருந்தார்கள் என்பது வேறு விஷயம். அதற்கும் விதிக்கும் சம்பந்தமில்லை.

கதை கேட்கிறவர்கள் செங்கல்பட்டில் ஒருநாள் ஒன்றுகூடினார்கள். திவ்யா என்ற பெண் எழுந்து, எல்லப்பன் எந்தக் கடலில் போனவர் என்று கேட்டாள். நான் வாயைத் திறப்பதற்குள் பக்கத்தில் இருந்தவன் கையைத் தூக்கிவிட்டான்.

“நான்தாம்மா அது. உயிரோடதான் கீறேன்.”

மண்டபமே சிரித்தது. அவனும் சிரித்தான். நான் மட்டும் விதியை நினைத்துக்கொண்டிருந்தேன். பெயர் கேட்கப்பட்டது, ஆள் பதில் சொல்லிவிட்டான். இனி அந்தக் கம்பெனி எரிய வேண்டும். அடுத்த கதை முழுக்க நிற்பதே அதன் மேல்தான்.

நீங்கள் இப்போது கேட்டதையே அவனும் கேட்டான். “பேரை மாத்திட்டுப் போயேன் மச்சான். இன்னாத்துக்கு இந்த பேஜாரு?”

முயன்று பார்த்தேன், சார். பெயரை மாற்றினால் விதி பொய். விதியை எடுத்தால் உலகமே பொய். எந்தப் பக்கம் திரும்பினாலும் சுவர். தூக்கம் போயிற்று, கடையில் பில்லைத் தப்பாகப் போட்டுத் திட்டு வாங்கினேன். நானே கட்டிய வீட்டில் எனக்கு வெளியே வர வாசல் இல்லை. அவனோ வேனை ஓரங்கட்டிவிட்டு நிம்மதியாகக் கப்பல் வரைந்துகொண்டிருந்தான். எனக்கு அது அநியாயமாகப் பட்டது.

மாமல்லபுரத்துக்குத் தெற்கே, அலையைத் தடுக்கப் பாறாங்கல் கொட்டிய தூண்டில் வளைவு ஒன்று உண்டு. ஒரு சாயங்காலம் அங்கே கூட்டிப்போனேன். பெயரை மாற்றப்போகிறேன், பழைய பெயரின் ஞாபகமாக நுனியில் நின்று ஒரு போட்டோ எடுத்துக்கொள் என்றேன். சந்தோஷமாகப் போய் நின்றான். நீச்சல் தெரியாதவன். தள்ளினேன். பலமாகக்கூட இல்லை, கல்லில் பாசி இருந்தது.

பிறகு செய்ய வேண்டியதை முறைப்படி செய்தேன். எல்லப்பா என்று கூப்பிட்டேன். “கை குடு மச்சான்” என்றான். கொஞ்சம் பொறுத்து மறுபடி கூப்பிட்டேன். மச்சான் என்பது மட்டும் கேட்டது. அந்த இரண்டும் கணக்கில் சேராது. அதற்குப் பிறகு மூன்று முறை கூப்பிட்டேன். அலைச் சத்தம்தான் வந்தது. மனசு அவ்வளவு லேசாகி ரொம்ப நாளாகியிருந்தது.

அடுத்த கதையில் அதை அப்படியே சொன்னேன், அவன் கை கேட்டது உட்பட. திவ்யா அதைக் கேட்டுவிட்டுத்தான் ஸ்டேஷனுக்கு உங்களிடம் வந்திருக்கிறாள். காது கொடுத்துக் கேட்கிற பெண். அவள் மேல் எனக்குக் கோபமில்லை.

அன்றைக்குக் கரையில் தூரத்தில் வலை உலர்த்திக்கொண்டிருந்தவர்கள் என் குரல் கேட்டுத்தான் ஓடிவந்தார்கள். நண்பன் பெயரைத் தொண்டை கிழியக் கூப்பிட்டேன் என்று எல்லோரிடமும் சொன்னார்கள். காரியத்தன்று அவன் மனைவி துர்காதேவி என் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டு அழுதாள். “நீ ஒருத்தன்தாண்ணா கடைசி வரைக்கும் அவரைக் கூப்டுகினே இருந்தே” என்றாள். நானும் அழுதேன், நிஜமாகவே.

பதில் வராதா என்று கூப்பிட்டதாக அவள் நினைக்கிறாள். பதில் நிற்கும்வரை கூப்பிட்டேன், சார்.