ஜெனரலின் கல்லில் ஒரு பெயர்

ஜெனரலின் இந்த நினைவு அவைக்குத் தலைமை தாங்கி, மேடைப் படியில் எனக்குக் கை கொடுத்த பாதிரியார் மார்ல் ஐயா அவர்களே! முன்வரிசையில் கறுப்பு உடையில் அமர்ந்திருக்கும் ஜெனரலின் மனைவி லேடி லட்வெல் அம்மா அவர்களே! மார்பிலே பதக்கம் மின்ன, மனத்திலே மாண்ட தோழர் முகம் மின்ன வந்திருக்கும் பழைய படைவீரர்களே! ரேஷன் சர்க்கரையை வாரக்கணக்கில் மிச்சம் பிடித்து இன்றைக்குக் கேக் சுட்டுக் கொண்டுவந்த தாய்மார்களே! வெல்கோம்ப் ஊர்ப் பெரியோர்களே! உங்கள் அனைவருக்கும் டிசார்ட் வீட்டு டார்கஸின் வணக்கம்.

எனக்கு முன்னால் கர்னல் ஐயா அரைமணி நேரம் ஜெனரல் லட்வெல்லின் வீரத்தைப் பேசினார். நான் பன்னிரண்டு வயதில் பள்ளியை விட்டுப் பால்பண்ணைக்குப் போனவள். எனக்கு அந்த அழகெல்லாம் வராது. ஆனால் ஜெனரல் ஏறிய ஒவ்வொரு படியும் எனக்குத் தெரியும். எப்படித் தெரியும் என்கிறீர்களா? ஒவ்வொரு படியையும் அவர் என் வீட்டு வாசலை மிதித்துத்தான் ஏறினார்.

ஜெனரல் நவம்பரில் கண்மூடினார். அவருக்குப் பூட்ஸ் துடைத்து முகம் மழித்துவிடும் சிப்பாய் ஊழியராக இரண்டு யுத்தங்களிலும் கூடவே இருந்த என் கணவர் வில்ஃப், சரியாக ஏழு வாரம் கழித்து ஜனவரியில் கண்மூடினார். ஜெனரல் தம் உயிலில் ஒரு வரி எழுதிவைத்திருக்கிறார்: தம் கல்லறைக் கல்லில் தம் பெயருக்குக் கீழே ‘என் ஊழியன் டிசார்ட்’ என்று பொறிக்க வேண்டுமாம். கல்தச்சர் இடம் விட்டுவைத்திருக்கிறார். என் சம்மதம்தான் பாக்கி. அந்தப் பதிலைச் சொல்லத்தான் மேடை ஏறியிருக்கிறேன்.

சொல்வதற்கு முன் உண்மையைச் சொல்லிவிடுகிறேன். எனக்கு அந்த மனிதர்மேல் பொறாமை. இன்று நேற்றுப் பொறாமை இல்லை, முப்பத்தேழு வருடப் பொறாமை. வேறொரு பெண் என் கணவரை இழுத்துக்கொண்டு போயிருந்தால் அவள் தலைமயிரைப் பிடித்திருப்பேன். ஜெனரலிடம் எதைப் பிடிப்பது? சிரிக்கிறீர்கள். சிரியுங்கள். அவருடைய வழுக்கை ஊரறிந்ததுதானே.

எப்படித் தொடங்கியது தெரியுமா? ஒரு காலில் தொடங்கியது. 1915, ஃபிளாண்டர்ஸ் போர்முனை. அப்போது அவர் கேப்டன். அவருடைய ஊழியன் காய்ச்சலில் விழுந்துவிட்டான். சார்ஜெண்ட் பட்டாளத்தை வரிசையில் நிறுத்தி, முகத்தைப் பார்க்கவில்லை, காலைப் பார்த்தார். அதிகாரியின் புதுப் பூட்ஸை ஊழியன்தான் முதலில் போட்டு நடந்து, தோலைப் பழக்கிக் கொடுக்க வேண்டும். அதற்கு இருவர் காலும் ஒரே அளவாக இருக்க வேண்டும். வில்ஃப் எனக்கு எழுதினார்: “புள்ள, என் காலைப் பாத்து வேலை குடுத்துட்டாங்க. கொப்புளம் எனக்கு, நடை அவருக்கு.” அந்தக் கடிதத்தைப் படித்து நானும் சிரித்தேன். சிரித்தேனே, சிரித்தேனே!

சோம் நதிக்கரையில் குண்டடிபட்ட அவரை என் வில்ஃப் முதுகில் சுமந்து வந்தார். லட்வெல் தோளில் கிரீடச் சின்னம் ஏறியது, மேஜர் ஆனார். எங்கள் கல்யாணம் தள்ளிப்போனது. மறுபடி தேதி குறித்தோம், மறுபடி தள்ளிப்போனது. ஒருவழியாகக் கல்யாணம் முடிந்த மூன்றாம் நாள் தந்தி வந்தது, புதுப் பூட்ஸ் தயார் என்று. தாய்மார்களே, எந்தப் பெண்ணுக்காவது சக்களத்தியாக ஒரு ஜோடி பூட்ஸ் வந்ததுண்டா?

1921இல் அவர் லெப்டினன்ட் கர்னல். ராவல்பிண்டிக்குப் போனார், வில்ஃபும் போனார். இங்கே எனக்கு ஒரு பெண்குழந்தை பிறந்தது. நாலு நாள் இருந்தது. எழுதிப் போட்டேன். இரண்டு கடிதம் வந்தன. என் கணவர் எழுதியது இரண்டே வரி. ஜெனரல் எழுதியது இரண்டு பக்கம். அழகான கடிதம். அதில் ஒரு இடத்தில், ‘டிசார்ட் குதிரையின் கழுத்தில் முகம் புதைத்து அழுதான், நான் அருகில் நின்றேன்’ என்று இருந்தது. என் குழந்தைக்காக என் கணவர் அழுத அழுகையை நான் பார்க்கவில்லை. அவர் பார்த்தார். எனக்கு வர வேண்டிய கண்ணீர் அவருக்குப் போயிற்று. ஊரெல்லாம் அந்தக் கடிதத்தைப் புகழ்ந்தது. நான் அடுப்பில் போட்டேன்.

1937இல் ஜெனரல் ஓய்வு பெற்றார். வில்ஃப் அவருடைய மாளிகை லாயத்தில் வேலை பார்த்தார். ஆனால் மாலையில் வீட்டுக்கு வந்தார்! இரண்டு வருடம் சேர்ந்தாற்போல் ஒரே மேசையில் சாப்பிட்டோம். அவருக்குக் குறட்டை உண்டு என்பதே எனக்கு அப்போதுதான் தெரிந்தது.

பிறகு 1939. ஜெனரலை மறுபடி லண்டனுக்குக் கூப்பிட்டுப் படை கொடுத்தார்கள். நான் பயந்த கடிதம் வந்தது. ‘டிசார்ட், உடனே புறப்பட்டு வா.’ வில்ஃப் தோட்டத்தில் இருந்தார். நான் அதை மாவு டப்பாவின் அடியில் வைத்தேன். ஆம், பாதிரியார் ஐயா, நான்தான் வைத்தேன். தலையை ஆட்டாதீர்கள், இன்னும் இருக்கிறது.

பன்னிரண்டு நாள். தபால்காரரின் சைக்கிள் மணி கேட்டாலே என் கணவர் வேலிக்கு ஓடினார். சாப்பாடு குறைந்தது, பேச்சு குறைந்தது. பன்னிரண்டாம் நாள் உருளைக்கிழங்கைத் தட்டில் உருட்டிக்கொண்டே, “அவர் வேற ஆளைப் பாத்துக்கிட்டார் போல, புள்ள” என்றார். அந்தக் குரல்! எனக்காக ஒரு நாளாவது, ஒரு பொழுதாவது, ஒரு வார்த்தையாவது அந்தக் குரலில் வந்ததுண்டா? பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்திருந்தும் அவர் என் வீட்டில் இல்லை. இல்லாத ஆளைப் பூட்டிவைத்து என்ன பயன்? மாவைத் தட்டிவிட்டுக் கடிதத்தை நீட்டினேன். படித்தார். நான் ஒளித்ததைக்கூடக் கேட்கவில்லை. சிரித்தார். என் நெற்றியில் முத்தமிட்டார். அந்த முத்தமும் கடிதத்துக்குத்தான், எனக்கில்லை.

அப்புறம் டன்கிர்க் கடற்கரை, அப்புறம் எகிப்து. கர்னல் ஐயா, நீங்கள் தாண்டிப்போன ஒரு இடம் உண்டு. கோபிக்காதீர்கள். 1942இல் கெய்ரோவில் ஜெனரலைப் படைத் தலைமையிலிருந்து எடுத்துவிட்டார்கள். அதுவரை கூட அமர்ந்து உண்ட அதிகாரிகள் ஒருவரும் அன்று அவர் கூடாரத்துக்கு வரவில்லை. வில்ஃப் மட்டும் எப்போதும்போல வெந்நீர் கொண்டுபோய் முகம் மழித்துவிட்டார். ஜெனரல் அவர் கையைப் பிடித்துக்கொண்டு, “இனிமே எனக்கு யாருமில்ல டிசார்ட், நீ மட்டும்தான்” என்றாராம். இதை என் கணவர் தம் கடைசிப் படுக்கையில், பாலைவனப் புழுதி அரித்த நெஞ்சில் இருமிக்கொண்டே, பெருமையாகச் சொன்னார். ‘நீ மட்டும்தான்!’ அது நான் சொல்ல வேண்டிய சொல்லல்லவா? வாய்வரை வந்து வந்து, கேட்க ஆள் இல்லாமல் நான் விழுங்கிய சொல்லல்லவா? அதைக்கூட அந்த மனிதர் முந்திக்கொண்டாரே!

போன வாரம் லேடி லட்வெல் அம்மா என் சமையலறைக்கு வந்தார்கள். உயிலைக் கொண்டுவந்திருந்தார்கள். நான் முகம் கொடுக்கவில்லை. தேநீர் ஊற்றினேன், இருவருமே தொடவில்லை. கொஞ்ச நேரம் கையுறையைக் கழற்றுவதும் மாட்டுவதுமாக இருந்தார்கள்.

“மிசஸ் டிசார்ட், உங்க வீட்டுக்காரர்மேல எனக்கு எவ்வளவு எரிச்சல் தெரியுமா?” என்றார்கள்.

“எதுக்கும்மா?”

“ஜெனரலுக்கு எங்க வலிக்கும், எதுக்குக் கோவம் வரும், எல்லாம் உங்க வீட்டுக்காரருக்குத் தெரியும். நான் டிசார்ட்கிட்ட கேட்டுத்தான் தெரிஞ்சுக்குவேன். இந்த உயில் ஆறு பக்கம். கல்லுல உங்க வீட்டுக்காரர் பேரு. என் பேரு எங்கேயும் இல்ல.”

உங்கள் அனுமதி கேட்டுத்தான் இதைச் சபையில் சொல்கிறேன், அம்மா. அன்று நாம் இருவரும் ஆறிய தேநீரைக் குடித்தோம். ஒரே வீட்டில் திருட்டுக் கொடுத்த இரண்டு பேர் போல உட்கார்ந்திருந்தோம்.

பெரியோர்களே! கேட்டுக்கொள்ளுங்கள். ஜெனரலின் வீரத்துக்கு நான் குறை சொல்ல மாட்டேன். என் கணவரின் விசுவாசத்துக்கும் குறை சொல்ல மாட்டேன். ஜெனரல் உயிரோடு இருந்தபோது என் கணவரைக் கேட்டார், கொடுத்தேன். யுத்தம் கேட்டது, கொடுத்தேன். செத்த பிறகும் கேட்கிறார். என் பதில்: மாட்டேன்.

வில்ஃபுக்கு நான் ஒரு சின்னக் கல் வைக்கிறேன். அதில் ஊழியன் என்று இருக்காது. வில்ஃப்ரட் டிசார்ட், டார்கஸின் கணவர் என்று இருக்கும். கீழே பாதிக் கல் வெறுமையாக இருக்கும். அது என்னுடைய பாதி. அங்கே அவரை எந்தத் தந்தியும் கூப்பிடாது.

லேடி லட்வெல் அம்மா, அந்தப் பெரிய கல்லில் கல்தச்சர் விட்டுவைத்த இடம் அப்படியே இருக்கட்டும். எங்கள் பெயர் அதற்கு வேண்டாம். உங்கள் பெயரை அங்கே எழுதச் சொல்லுங்கள். உயில் இடம் கொடுத்தால் என்ன, கொடுக்காவிட்டால் என்ன? உங்களுடைய இடம் அது.

பேசத் தெரியாதவளைப் பேசவிட்டு, பாதியில் மணி அடிக்காமல் பொறுத்த தலைவருக்கும், உங்கள் எல்லாருக்கும் நன்றி சொல்லி அமர்கிறேன். வணக்கம்.